சுகுணன் வரைந்த மணியாட்டுக்குன்னு

மணியாட்டுக்குன்னில் சுகுணனைத் தெரியாதவர்கள் கிடையாது. சுகுணனுக்குத்தான் யாரையும் தெரியாது என்று ஊரில் ஒரு பேச்சு இருந்தது.

கரண்ட் ரீடிங் எடுப்பது அவர் வேலை. இரண்டு மாதத்துக்கு ஒரு முறை, தோளில் துணிப்பையும் கையில் குடையுமாக, அட்டைக்குப் பயந்து கணுக்காலில் உப்பும் எண்ணெயும் தேய்த்துக்கொண்டு ஆற்றுப்பாலத்தைத் தாண்டி மலை ஏறுவார். இருநூற்றுப் பதினான்கு வீடுகள். பத்தொன்பது வருஷமாக அதே நடை. ஆனால் அந்த வீட்டுக்காரர்களை வேறெங்காவது பார்த்தால் திருதிருவென்று விழிப்பார். ஒரு தடவை சர்ச் பெருநாளில் மறியக்குட்டி சேச்சி எதிரே வந்து சிரித்தபோதும் அப்படித்தான் நின்றார்.

"வாசல்ல கொண்டுபோய் நிறுத்தினாத்தான் என்னைத் தெரியுமா சுகுணா? நான் என்ன பலகையில மாட்டின மீட்டரா?" என்று அவள் கேட்டாள்.

"வீட்டைச் சொல்லு சேச்சி."

"கிணத்துக்கு அந்தப் பக்கம், பதினோரு படி ஏறணும்."

"அட, எட்டாவது படி உடைஞ்ச வீடு. மீட்டர் பின்கட்டுல, கோழிக்கூண்டுக்கு மேல. இப்ப தெரியுது, இப்ப தெரியுது."

மறியக்குட்டி இதை ஊர் முழுக்கச் சொல்லிச் சிரித்தாள். சுகுணனும் சேர்ந்து சிரித்தார். வேறு என்ன செய்ய? முகங்களும் பெயர்களும் அவர் மண்டையில் தங்கியதில்லை. சின்ன வயதிலிருந்தே அப்படி. ஆறாம் வகுப்புப் பரீட்சையில் நம் ஊரைப் பற்றி ஒரு பக்கம் எழுதச் சொன்னார்கள். அவர் ஒரு வரியும் எழுதாமல் ஊரை வரைந்து வைத்தார். ஓடை, ஓடையில் துணி துவைக்கும் கல், கல்லுக்குப் போகும் மூன்று வழிகள் எல்லாம் அதில் இருந்தன. வாத்தியார் அதன் மேல் பெரிய முட்டை போட்டு, அவரை பெஞ்சு மேல் ஏற்றி நிறுத்தினார். பத்தாம் வகுப்பில் இரண்டு முறை தோற்றபின் படிப்பு நின்றது. ரீடிங் வேலை கிடைத்தபோதும் மனைவி சௌதாமினிதான் பயந்தாள், இந்த மனுஷன் வீடு மாற்றி எழுதி வேலையைக் கெடுத்துக்கொள்வார் என்று. அவர் ஒரு நாளும் வீடு மாற்றி எழுதவில்லை.

அந்த வருஷம் கர்க்கடகத்தில், அதாவது ஆடி மாதத்தில், ஆறு நாள் மழை விடவில்லை. ஏழாம் நாள் விடியும் நேரத்தில் மலை இறங்கியது.

சுகுணனின் வீடு ஆற்றுக்கு இக்கரையில், கடைவீதிப் பக்கம். சத்தம் கேட்டு வெளியே ஓடி வந்தவர்களுக்கு மழையில் எதுவும் தெரியவில்லை. பச்சை மண்வாசனை மட்டும், உழுத வயலில் வருகிறதே அதைப்போல நூறு மடங்கு, மூக்கை அடைத்தது. பாலம் போய்விட்டது. மதியத்துக்குத் தீயணைப்புப் படை வந்து கயிறு கட்டியது. வீடுகளை அடையாளம் காட்ட உள்ளூர்க்காரர்கள் வேண்டும் என்றதும் சுகுணன் கயிற்றைப் பிடித்துக்கொண்டு அக்கரை போனார்.

அங்கே ஊர் இல்லை. பள்ளிக்கூடம் அளவுக்குப் பெரிய பாறைகள் கிடந்தன. அவற்றுக்கு நடுவே ஆறு புதிதாக வேறு வழியில் ஓடிக்கொண்டிருந்தது, காலகாலமாக அங்கேதான் ஓடியதைப்போல. மேலே மலையில் ஒரு பெரிய சிவப்புக் காயம். பயத்தைவிடப் பெரியதாக ஒன்று அவருக்குள் எழுந்தது. இத்தனை பெரிய பொருள் எழுந்து நடக்கும் என்று அவர் நினைத்ததே இல்லை. பத்தொன்பது வருஷம் கண்ணை மூடிக்கொண்டு நடந்த இடத்தில், கண்ணைத் திறந்துகொண்டு திசை தெரியாமல் நின்றார்.

படைக்குத் தலைவர் ஷம்சுதீன் என்ற அதிகாரி. அவரிடம் ஆகாயத்திலிருந்து எடுத்த பழைய படம் ஒன்றும், வாக்காளர் பட்டியலும் இருந்தன. படத்தில் கூரைகளும் மரங்களும்தான் தெரிந்தன. பட்டியலில் பெயர்கள் மட்டும். எந்தப் பெயர் எந்தக் கூரைக்குக் கீழ், அந்தக் கூரை இப்போது எந்தச் சேற்றுக்குக் கீழ் என்று சொல்ல ஆளில்லை. தப்பி வந்தவர்களில் ஒவ்வொருவரும் தன் வீட்டைச் சொன்னார்கள். ஆனால் எதைக் காட்டிச் சொல்வது? "தெக்குமுக்கு பலா பக்கத்துல" என்றால், பலாவும் இல்லை, தெற்கும் புரியவில்லை.

ஷம்சுதீன் சுகுணனிடம் கேட்டார். சுகுணன் சொல்ல ஆரம்பித்துத் தடுமாறினார். ஒரு அண்ணன் தம்பியில் மூத்தவன் வீட்டை இளையவன் வீடு என்றார், பிறகு இல்லை என்றார். அதிகாரியின் முகம் வேறு பக்கம் திரும்பியது.

"சாரே, வாயில வராது எனக்கு. வரையறதுக்கு ஏதாவது குடுங்க."

சரிந்த கடை ஒன்றிலிருந்து நகை விளம்பர பேனர் ஒன்றை இழுத்துவந்து, வெள்ளைப் பின்பக்கம் மேலே தெரியும்படி, அங்கே சிக்கி நின்ற லாரிக்குள் மழை படாமல் விரித்தார்கள். டீக்கடை அடுப்பிலிருந்து கரித்துண்டு வந்தது. சுகுணன் முழங்காலிட்டு உட்கார்ந்தார். கண்ணை மூடினார். மற்றவர்களைப்போல மலையை மேலிருந்து பார்த்து அவர் வரையவில்லை. பாலத்தில் காலை வைத்து நடக்க ஆரம்பித்தார். கரி அவர் காலாக நடந்தது. பாலத்திலிருந்து நாற்பது எட்டு எடுத்து வைத்தால் அரிசி மில். மில் சுவரை ஒட்டி இடது கை. நாய் கட்டியிருக்கும் வீடு, அதன் வாசல் கிழக்கு. படி, படி, திருப்பம். ஒன்றரை மணி நேரத்தில், மண் மூடிய அறுபத்தோரு வீடுகளும் அங்கே வந்து உட்கார்ந்தன. வாசல் எந்தப் பக்கம், சமையலறை எந்தப் பக்கம், ஆட்கள் படுக்கும் அறை எது எல்லாம் இருந்தன. மீட்டரைத் தேடிப் போகிறவனுக்கு இதெல்லாம் தெரியாமல் இருக்குமா? பக்கத்தில் நின்றவர்கள் பெயர்களைச் சொல்லச் சொல்ல, ஷம்சுதீன் எழுதிக்கொண்டே வந்தார்.

படத்தை மண்ணோடு பொருத்தவும் சுகுணனே வழி சொன்னார். மலையில் இரண்டு பொருள்கள் மட்டும் அசையவில்லை: மேலே களிறுப்பாறை, கீழே டிரான்ஸ்ஃபார்மர் நின்ற இரும்புக் கால்கள். இரண்டுக்கும் நடுவே கயிறு கட்டச் சொல்லி, அங்கிருந்து எட்டுகளை எண்ணினார். முதல் இடத்தில் தோண்டியபோது ஆறடிக்குக் கீழே அரிசி மில்லின் கல் தட்டுப்பட்டது. அதன்பிறகு யாரும் அவரிடம் இரண்டாவது தடவை கேட்கவில்லை.

மாலைக்குள் ஒன்று நடந்தது. அதைச் சொல்லத்தான் இந்தக் கதையை ஆரம்பித்தேன்.

படத்தின் மேல் ஓரத்தில், தோட்டவேலை செய்யும் பணியர் பழங்குடியினரின் குடிசைகள் இருந்தன. ஷம்சுதீனின் பட்டியலில் ஆறு குடும்பங்கள்தான். சுகுணன் வரைந்திருந்தது ஒன்பது. மூன்றுக்குக் கரண்ட் கிடையாது, வீட்டு எண் கிடையாது, ஆகவே எந்தக் கணக்கிலும் கிடையாது. ஆனால் அவர் அவற்றைத் தாண்டித்தான் நடப்பார், ஆகவே கரியும் தாண்டி நடந்திருந்தது. அந்த ஒன்பதும் மண் ஓடிய நேர்வழியில் இருந்தன. அங்கே தோண்டிப் பலனில்லை என்று எல்லோரும் முடிவுக்கு வந்திருந்தார்கள்.

சுகுணன் தன் படத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். குடிசைகளிலிருந்து ஒரு கோடு மேற்கே போனது. அதைத் தான் ஏன் அத்தனை தடிமனாக இழுத்தோம் என்று அவருக்கே தெரியவில்லை. கோடு போய் முடிந்த இடம், தோட்டக்காரர்கள் கைவிட்ட பழைய ஏலக்காய் உலர்த்தும் கட்டடம். அந்த வழி வேனலில் புல் மூடிக் கிடக்கும். கர்க்கடகத்தில் மட்டும் சேறாக மிதிபட்டிருக்கும். கர்க்கடகத்தில் ரீடிங் எடுக்கப் போனால் குடிசைக் கதவுகள் கயிறு போட்டுக் கட்டியிருக்கும். இந்த இரண்டையும் வருஷா வருஷம் கண்டிருக்கிறார். ஒரு நாளும் சேர்த்து யோசித்ததில்லை. இப்போது இரண்டும் பேனரில் பக்கத்துப் பக்கத்தில் கிடந்தன.

"சாரே," என்றார். கோட்டின் முனையில் விரலை வைத்தார். "மழை பிடிச்சா அவங்க குடிசையில படுக்கறதில்ல. இங்க படுக்கறாங்க."

"யாரு சொன்னா உங்ககிட்ட?"

"யாரும் சொல்லல. வழி சொல்லுது."

ஷம்சுதீன் அந்தக் கோட்டைப் பார்த்தார். பிறகு பன்னிரண்டு பேரை மேற்கே அனுப்பினார். கட்டடத்தின் ஒரு பக்கச் சுவர் உள்ளே விழுந்திருந்தது, மண் ஜன்னல் உயரத்துக்கு ஏறியிருந்தது. தட்டியபோது உள்ளிருந்து பதில் தட்டல் வந்தது. வெளிச்சம் போவதற்குள் பதின்மூன்று பேரை உயிரோடு எடுத்தார்கள். கடைசியாக வந்தவள் கெம்பி என்ற பணியப் பெண். முகமெல்லாம் சேறு. சுகுணனைப் பார்த்ததும், "மீட்டர்காரரே, எங்களுக்கு இங்க கரண்டு கூட இல்லையே, எதுக்கு வந்தீங்க?" என்றாள். தாங்கிப்பிடித்திருந்த தீயணைப்புக்காரன் திரும்பி நின்று அழுதான்.

எல்லோருக்கும் அப்படி நடக்கவில்லை. அந்தப் படத்தை வைத்து இருபத்தாறு உடல்களை எடுத்தார்கள். ஒன்பது பேர் கடைசிவரை கிடைக்கவில்லை.

மிச்சமிருந்த சனங்கள் இக்கரைப் பள்ளிக்கூடத்தில் தங்கினார்கள். தேடல் முடிந்ததும் ஷம்சுதீன் பேனரை அங்கே கொண்டுவந்து கூடத்தில் விரித்தார், காணாமல் போனவர்கள் விவரத்தைச் சரிபார்க்க. விவரம் சரிபார்த்து முடிந்த பிறகும் யாரும் அதை மடிக்கவிடவில்லை. கஞ்சியும் பயறும் குடித்த கையோடு ஆட்கள் வந்து ஓரத்தில் செருப்பைக் கழற்றிவிட்டு, தங்கள் வீட்டுக் கட்டத்தில் போய் நின்றார்கள். சிலர் உட்கார்ந்தார்கள்.

மறியக்குட்டி கரியை எடுத்து, தன் வீட்டுக்கும் நஃபீசா வீட்டுக்கும் நடுவே இருந்த வேலியில் ஒரு இடத்தை விரலால் தேய்த்து அழித்து, அதன் வழியே ஒரு கோடு இழுத்தாள். "இங்க ஒரு ஓட்டை இருக்குடா சுகுணா. நான் மீன்குழம்பு குடுப்பேன், அவ அரிசிப் பத்திரி சுட்டுக் குடுப்பா. இதை விட்டுட்டியே." நஃபீசா, கடைசிவரை கிடைக்காத அந்த ஒன்பது பேரில் ஒருத்தி.

அப்புறம் ஆளாளுக்கு வந்தார்கள். வேலி வேலியாக ஓட்டை விழுந்தது. நாற்பத்து மூன்று ஓட்டைகள். கிறிஸ்தியானி வீடு, மாப்பிள்ளை முஸ்லிம் வீடு, தீயர் சாதி வீடு என்று பார்க்காமல் கோடுகள் குறுக்கும் நெடுக்கும் ஓடின. தன் பாதையில் மட்டும் நடந்த சுகுணன் இவற்றில் ஒன்றையும் கண்டதில்லை. மீட்டர்கள் வரிசையாக இருக்கும் ஒரு மலை என்றுதான் அவர் நினைத்திருந்தார். அந்த மலைக்குள் இன்னொரு மலை இத்தனை காலமும் ஓசையில்லாமல் நடமாடிக்கொண்டிருந்திருக்கிறது. இரண்டு அண்ணன் தம்பி வீடுகளுக்கு நடுவே மட்டும் ஓட்டை கிடையாது. அந்த இடத்தில் பத்தொன்பது வருஷம் சுற்றிப்போனவர் அவர், ஏன் என்று கேட்டதே இல்லை. அண்ணனும் தம்பியும் இரண்டு பேரும் அங்கே இருந்தார்கள். எதிரெதிரே நின்று அந்த முழு வேலியைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

கெம்பி மூன்றாம் நாள்தான் வந்தாள். வெகுநேரம் பார்த்தாள்.

"எங்க குடியிலிருந்து எல்லா வீட்டுக்கும் கோடு போகுது. எல்லாம் வேலைக்குப் போற வழி, பின்வாசலுக்கு. நீங்க யாராவது எங்க வீட்டுக்கு வந்த கோடு ஒண்ணு காட்டுங்க."

கூடத்தில் நாற்பது பேர் இருந்தார்கள். எல்லோருடைய கண்ணும் பேனரில் தேடியது. இல்லை. ஒரு கோடு இருந்தது, சுகுணனின் ரீடிங் வழி. அது போய்த் திரும்பியது, அவ்வளவுதான். மறியக்குட்டி கையிலிருந்த கரியைக் கீழே வைத்தாள். அன்று அதன்பிறகு யாரும் வரையவில்லை.

அரசாங்கம் புதுக் குடியிருப்பு கட்ட முன்வந்தபோது, இளம் பெண் பொறியாளர் ஒருவர் வரைபடத்தோடு வந்தார். எட்டு வரிசை, வரிசைக்குப் பன்னிரண்டு வீடு, குலுக்கலில் எண். மறியக்குட்டியும் இன்னும் நான்கு பெண்களும் பேனரைச் சுருட்டித் தூக்கிப்போய் அவர் மேசை மேல் விரித்தார்கள். பொறியாளர் முதலில் இது என்ன என்று கேட்டார். வேலி ஓட்டைகளைப் பற்றிச் சொல்லச் சொல்ல, பேனாவை மூடி வைத்துவிட்டுக் கேட்டார். குலுக்கல் நின்றது. யாருக்கு யார் பக்கத்தில் என்று அவர்களே எழுதிக்கொடுக்க, வரிசைகள் வளைந்து வளைந்து மாறின. மேலதிகாரிகளுக்கு இதில் கோபம் என்று கேள்வி.

கெம்பியின் ஆட்கள் வரிசைக்குள் வர மாட்டோம் என்றார்கள். காட்டோரமாகத் தனி நிலம் வேண்டும், முன்வாசலுக்கு வரும் பாதையை முதலில் வெட்ட வேண்டும், அப்புறம் வீடு கட்டக் கல் இறக்கினால் போதும் என்றாள் கெம்பி. ஒன்றரை வருஷம் அலைந்துதான் கிடைத்தது. அவர்கள் குடி புகுந்த அன்று மறியக்குட்டி அந்தப் பாதையில் நடந்து, முன்வாசல் வழியாகப் போய் உட்கார்ந்து, பால் விடாத கட்டன் சாயா குடித்துவிட்டு வந்தாள். மற்றவர்கள் போனார்களா என்றால், சிலர் போனார்கள்.

சுகுணன் இப்போதும் ரீடிங் எடுக்கிறார். ஞாயிற்றுக்கிழமைகளில் மட்டும் வேறு வேலை. பக்கத்து மலைகளில் மழைக்காலத்துக்கு முன்னால் அவரை வரையக் கூப்பிடுகிறார்கள். அவர் வரைவதில்லை. பெரிய வெள்ளைத் துணியை விரித்து, கரியை ஊர்க்காரர்கள் கையில் கொடுத்துவிட்டு ஓரமாக உட்கார்ந்துகொள்கிறார். போன மேட மாதக் கோடையில் ஒரு ஊரில், ஓடை எங்கே திரும்புகிறது என்பதில் இரண்டு கிழவர்கள் அடிதடி வரைக்கும் போனார்கள். மதியச் சாப்பாட்டை மறந்தார்கள். எல்லாம் முடிந்து கரி தீர்ந்த பிறகும் ஒருவரும் வீட்டுக்குப் போகவில்லை. தாங்கள் பிறந்து வளர்ந்த இடத்தை முதல் முறையாகப் பார்க்க வந்தவர்களைப்போல, துணியைச் சுற்றி நின்றுகொண்டிருந்தார்கள். சுகுணனும் எழுந்து போய் அவர்களோடு நின்றார்.