இரட்டை வேகத்துச் சாந்தன் சேர்

கொட்டாஞ்சேனைச் சாந்தன் சேர் ஒரு வசனத்தைத் தொடங்கினால், வெள்ளவத்தை ஸ்டேசனில் நின்ற கோச்சி காலிக்குப் போய்த் திரும்பி வந்த பிறகுதான் அது முடியும் என்பார்கள். அது பொய். பாணந்துறைக்குப் போய் வந்தாலே போதும்.

உயர்தரப் பரீட்சைப் பிள்ளைகளுக்குப் பௌதிகவியல் படிப்பிக்கிறவர். வெள்ளவத்தையில் கடற்கரைப் பக்கம் இறங்கும் ஒழுங்கையில், ஹமீட் நானாவின் கடைக்கு மேல்மாடி ஹோலில் வகுப்பு. பாதி வசனத்தில் நிறுத்தி, மார்க்கரை மூடி, யன்னலால் கடலைப் பார்ப்பார். அந்த நேரத்துக்குள் பின்வரிசை வாங்கில் இரண்டு காதல் தொடங்கி, ஒன்று முறிந்தும் இருக்கிறது. அப்படியிருந்தும் ஒரு காலத்தில் ஹோல் நிறைந்து, பிள்ளைகள் படிக்கட்டில் இருந்து எழுதினார்கள்.

கொரோனா வந்து எல்லாரையும் போனுக்குள் தள்ளியது. நோய் போயிற்று, பிள்ளைகள் போனுக்குள்ளேயே தங்கிவிட்டார்கள். சேருடைய ரெக்கோர்டிங்கைக் கேட்க நூற்றுக்கணக்கில் ஆள். ஹோலிலோ றிகாஸ் என்ற வாயாடியும் இன்னும் ஒரு பத்துப்பேரும். அதிலும் பாதிப்பேர் மின்விசிறிக் காற்றுக்கு வந்தவர்கள்.

"மாஸ்டர், மாசக் கடைசிக்குள்ள ஹோல் வேணுமா வேணாமாண்டு ஒரு முடிவு சொல்லிருங்க. ஜிம் போடக் கேட்டுக்கிட்டே ஈக்காங்க," என்றார் ஹமீட் நானா.

ஹோல் போனால், மிச்சக் காலம் முழுக்கக் குசினி மேசையில் போனைச் சீனிப் போத்தலில் சாய்த்துவைத்து, அதற்குப் பௌதிகம் சொல்ல வேண்டியதுதான். போன் தலையாட்டாது, கொட்டாவிகூட விடாது.

காலி வீதிப் பேக்கரியில் தன் மாணவி விஷ்ணுப்பிரியாவைக் கண்டதும் கேட்டேவிட்டார்.

"ஏன் பிள்ளை, ஹோலுக்கு வாறேல்லை?"

"கோவிக்காதேங்கோ சேர். உங்களை நாங்கள் டூ எக்ஸ்லதான் கேக்கிறனாங்கள். ரெண்டு மடங்கு ஸ்பீட். ஹோல்ல உங்களுக்கு அந்தப் பட்டன் இல்லையே."

பணிவாகத்தான் சொன்னாள். கையிலிருந்த ரோல்ஸ் ஆறிப்போகும்வரை சேர் யோசித்தார். பட்டன் இல்லாவிட்டால் என்ன, தன் வாயையே இரண்டு மடங்கில் ஓடவிட்டுப் பார்த்தால் ஆகாதா?

அன்றே பயிற்சி தொடங்கியது. மீன்காரனிடம் விலை கேட்ட வேகத்தில், அவன் சண்டை என்று நினைத்துச் சைக்கிளை எடுத்துக்கொண்டு ஓடிவிட்டான். மாலைச் செபமாலை, பக்கத்து வீட்டுக் குக்கர் விசில் அடிக்குமுன் முடிந்துபோனது.

"மாதாவுக்கு மூச்சு வாங்கப்போகுது," என்றாள் மனைவி றோஸி. "உங்கட அவசரத்துக்கு அவவும் ஓடோணுமா?"

ஹோலில் அந்த வேகத்தைக் காட்டிய அன்று, றிகாஸ் பேனையை மூடிவைத்தான்.

"சேர், பழைய சேர் எப்ப வருவாரு?"

அடுத்த வகுப்புக்கு விஷ்ணுப்பிரியாவே படியேறி வந்தாள். படிக்க அல்ல, முறைப்பாடு சொல்ல.

"சேர், புது ரெக்கோர்டிங்கை டூ எக்ஸ்ல போட்டா நுளம்பு காதுக்குள்ள வந்து அழுகிற மாதிரிக் கிடக்கு. முந்தி மாதிரி ஆறுதலாக் கதையுங்கோ. நாங்கள் ஓடவிட்டுக் கேக்கிறம்."

சேருக்கு ஏற்கெனவே தொண்டை கட்டியிருந்தது. இனி ஓட ஏலாது.

"வந்ததுக்கு இருந்து கேட்டிட்டுப் போ, பிள்ளை," என்றவர் பலகைப் பக்கம் திரும்பினார். "ஒரு பந்தை மேல எறியிறம். உச்சியில அதின்ர வேகம் பூச்சியம். அப்ப ஆர்முடுகல், அந்த வேகம் மாறுற வீதம்..."

அதோடு நின்றுவிட்டார். போனில் என்றால் அவள் அந்த இடத்தை விரலால் தள்ளியிருப்பாள். இங்கே தள்ள ஒன்றுமில்லை. எல்லாரும் சும்மா இருக்கிறார்கள். கடல் மட்டும் இரைகிறது. அவளுக்குத் தாங்கவில்லை, வாய் தானாகத் திறந்தது.

"பூச்சியம்."

"அப்ப பந்து அங்கயே தொங்குமே," என்றான் றிகாஸ். "ஏணி வச்சா எடுப்பீங்க?"

ஹோல் சிரித்தது. அவளுக்குக் காது சிவந்தது.

"வேகம் இல்லையெண்டா மாற என்ன கிடக்கு?"

"மாறாட்டி ஏன் கீழ வருது?"

யாரோ ஒரு அழிறப்பரை மேலே எறிந்தார்கள். அது விழுந்தது. "இன்னொருக்கா எறியுங்கோ," என்றாள் அவள். பத்துத் தரமாவது அழிறப்பர் பறந்திருக்கும். கடைசியில் மின்விசிறியில் பட்டு யன்னலால் போய், கப்பலேறிச் சிங்கப்பூர் சேர்ந்ததாகவும் ஒரு கதை உண்டு. சேர் வாயே திறக்கவில்லை.

"உச்சியிலயும் புவியீர்ப்பு லீவு எடுக்கிறேல்லை," என்றாள் விஷ்ணுப்பிரியா மெதுவாக. "ஆர்முடுகல் அப்பிடியே இருக்கு."

இதே பாடத்தை ரெக்கோர்டிங்கில் பலதரம் கேட்டவள் அவள். விளங்கிவிட்டது என்றே இவ்வளவு நாளும் இருந்தாள்.

அடுத்த கிழமையும் வந்தாள். சேருக்காக என்று சொல்ல முடியாது; றிகாஸை மடக்கத்தான் வந்தாள், துணைக்கு இரண்டு சிநேகிதிகளையும் இழுத்துக்கொண்டு. அவர்கள் வருகிறார்கள் என்றதும் பையன்கள் சிலருக்கும் பௌதிகவியலில் திடீர் ஆர்வம் பிறந்தது. வீட்டுக்குப் போனதும் எல்லாரும் ரெக்கோர்டிங்கை டூ எக்ஸில்தான் போட்டார்கள். அதை யாரும் விடவில்லை.

மாசக் கடைசியில் ஹமீட் நானா படியேறி வந்தபோது ஹோலில் பாதிகூட நிறைந்திருக்கவில்லை.

"என்ன மாஸ்டர், ஹோல் வேணுமா, ஜிம்காரனுக்குச் சாவியக் குடுக்கவா?"

சேர் மார்க்கரை மூடினார்.

"ஹமீட், நான் யோசிச்சுப் பார்த்த அளவில..." என்று தொடங்கினார். அடுத்த சொல் வருகிற வழியாய் இல்லை. ஹமீட் நானா ஒரு காலை மாற்றி நின்றார்.

"வேணும் நானா," என்றாள் விஷ்ணுப்பிரியா.

"வேணும், வேணும்," என்றது பின்வரிசை வாங்கு.

"ஜிம்முக்கு வேற மாடி பாருங்க," என்றான் றிகாஸ்.

சேர் பிள்ளைகளை ஒவ்வொருவராகப் பார்த்து முடித்தார். அவசரமே படவில்லை.

"விடை சரி," என்றார். "இனிக் காரணத்தைச் சொல்லுங்கோ."