கோட்டைத் தொட்டுக் கும்பிட்டேன், அவ்வளவுதான்

இன்னைக்கு எங்க ஊர் இன்டோர் ஸ்டேடியத்துல வேலைவாய்ப்பு முகாம். தினமும் சாயங்காலம் நான் கபடி ஆடற அதே கோர்ட் மேல மேசை போட்டு இன்டர்வியூ.

ஒரு நூல் மில்லு மேனேஜர், கோர்ட்டோட எல்லைக் கோட்டை ஒட்டி நின்னு என் பேரைக் கூப்பிட்டார்.

அந்தக் கோட்டைத் தொட்டுக் கும்பிடாம நான் உள்ள கால் வச்சதே இல்லை. பழக்க தோஷம், குனிஞ்சு தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டேன்.

மேனேஜர் பதறிப் பின்னால போனார்.

"அட, எந்திரிங்க! வேலைக்காகக் கால்ல எல்லாம் விழக் கூடாதுங்க."

"இல்லீங்க சார், நான் வந்து..."

அதுக்குள்ள அவருக்கு முகமெல்லாம் மலர்ந்துருச்சு. "நல்லா இரு சாமி"ன்னு கையைத் தூக்கிட்டார். பக்கத்து மேசைக்காரர்கிட்ட, "மரியாதை தெரிஞ்ச புள்ளைங்க பாருங்க"ன்னு வேற.

நான் நாற்காலியை இழுத்துப் போட்டு உக்காந்தேன்.

இன்டர்வியூ முடிச்சுட்டு வாசல்கிட்ட திரும்பிப் பார்த்தா, எனக்கு அடுத்து நின்ன பொண்ணு நெசமாவே அவர் கால்ல விழுந்துட்டிருக்கு. அதுக்கு அடுத்தவர் பேண்ட்டை மேல இழுத்துவிட்டுத் தயாரா நிக்கறார்.

வேலை கிடைச்சா, அந்தக் கும்பிடு யாருக்குன்னு மேனேஜர்கிட்ட உடனே சொல்லிடலாமா, இல்ல முதல் சம்பளம் வாங்கிட்டுச் சொல்லலாமா?