அது என் துறை இல்லை

தொழிலாளர் சட்டத்தில் டிப்ளோமா முடித்த கையோடு நான் செய்த முதல் காரியம், இரத்தினபுரியில் என் அலுவலகப் பெயர்ப் பலகையைக் கழற்றி வேறு எழுதச் சொன்னதுதான். பழைய பலகையில் சட்டத்தரணி என்று மட்டும் இருந்தது. புதியதில் அதற்குக் கீழே 'தொழிலாளர் சட்டம்' என்று மூன்று மொழியிலும் போட்டேன். கொழும்பில் வகுப்பெடுத்தவர்கள் திரும்பத் திரும்பச் சொன்னது ஒன்றுதான். எல்லா வழக்கும் பார்க்கிற வக்கீலின் காலம் முடிந்துவிட்டது. தெரியாத வழக்கைத் தொடாதே, தெரிந்தவரிடம் அனுப்பு. நியாயமான பேச்சு. இன்றைக்கும் அதில் குற்றம் கண்டுபிடிக்க என்னால் முடியவில்லை.

பலகை மாட்டிய சில வாரங்களில் சித்தி வந்தார். நிவித்திகல பக்கத்து ரப்பர் தோட்டத்தில் என் அம்மாவோடு சேர்ந்து பால் வெட்டியவர். இரத்த உறவு இல்லை. தோட்டத்து வரிசை வீடுகளான லயத்தில் பக்கத்துக் காம்பரா, அதனால் சித்தி. சின்ன வயதில் என்னை வாடா போடா என்று விரட்டியவர், நான் கறுப்புக் கோட்டுப் போட்ட நாளிலிருந்து 'நீங்க' என்று மாறிவிட்டார். முதலில் கூச்சமாக இருந்தது. பிறகு, சொல்ல வெட்கம்தான், பிடித்துப்போனது.

லயத்துக்குக் கீழே ஒரு துண்டு நிலத்தில், தோட்டத்தை முன்பு நடத்திய பழைய தொரை கொடுத்த அனுமதியில், அவரும் அவர் புருஷனும் கல் சுமந்து இரண்டு அறை வீடு கட்டியிருந்தார்கள். புருஷன் போய்விட்டார். சித்திக்கும் பென்ஷன் வயதாகிவிட்டது. இனித் தோட்டத்தில் வேலை செய்ய வீட்டில் ஆள் இல்லை என்றதும், வீட்டை விடச் சொல்லி நோட்டீஸ் வந்துவிட்டது. அதை ஒரு சொப்பிங் பேக்கில் சுற்றிக் கொண்டு வந்திருந்தார்.

"தம்பி, முப்பது நாள்ல போயிடணுமாங்க. பழைய தொரை குடுத்த லெட்டரும் இதுல இருக்கு. கொஞ்சம் பாருங்க."

சிங்களத்தில் இருந்த நோட்டீஸை மட்டும் வாசித்தேன். கடிதத்தைப் பைக்குள்ளிருந்து எடுக்கவே இல்லை.

"சித்தி, இது காணிக் கேஸ். என் துறை இல்ல. பெல்மதுளையில ஒரு லோயர் மாத்தயா இருக்காரு, காணிக் கேஸ் மட்டுந்தான் பாப்பாரு. அவருகிட்ட போங்க. நான் அனுப்பினேன்னு சொல்லுங்க."

பெயரையும் விலாசத்தையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். "சரிங்க தம்பி" என்று வாங்கி மடித்துக்கொண்டார். ஒரு வாய் தேத்தண்ணி கூடக் குடிக்கவில்லை. படித்தபடி நடந்துகொண்டேன் என்ற திருப்தியில் அடுத்தவரைக் கூப்பிட்டேன்.

தோட்டத்தில் யாரும் முகத்துக்கு நேரே முடியாது என்று சொல்வதில்லை. ஆபிஸில் போய் நின்றால் கிளார்க், தோட்டத்துத் தொழிற்சங்கத் தலைவரைப் பார்க்கச் சொல்வார். தலைவர் டவுனில் இருக்கிற சங்கத்துக்குப் போகச் சொல்வார். சங்கத்தில் மறுபடி ஆபிஸைக் காட்டுவார்கள். 'அங்க போய்ப் பாருங்க' என்றால் ஆகாது என்று அர்த்தம். இரண்டாவது இடத்தோடு விஷயம் புரிந்து, மறுநாள் காலையில் பால் வெட்டப் போய்விடுவது மரியாதை தெரிந்த மனுஷரின் லட்சணம். என் அப்பா அப்படித்தான் ஆபிஸ் பதிவில் காணாமல் போன தன் சேவைக் காலத்தைத் தேடி அலைந்து, ஒரு நாள் தேடுவதை விட்டார். இது தெரியாமல் வளர்ந்தவனா நான்?

ஒன்றரை மாதம் கழித்து நீதிமன்ற வாசலில் பெல்மதுளைக்காரரைக் கண்டு விசாரித்தேன். அப்படி யாரும் வரவே இல்லை என்றார். அந்தச் சனிக்கிழமையே தோட்டத்துக்குப் போனேன். வீடு சுவராக நின்றது. தகரத்தையும் கதவு நிலையையும் கழற்றிக்கொண்டு போயிருந்தார்கள். சித்தி மேல் லயத்தில் ஒரு வீட்டு அடுப்படியில் படுத்து எழும்பிக்கொண்டிருந்தார். கோபமாக இருப்பார் என்று பயந்துகொண்டு போனேன். என்னைக் கண்டதும் பாய் விரித்தார்.

"ஏன் சித்தி பெல்மதுளைக்குப் போகல?"

"அதுவா?" என்று சிரித்தார். "கேஸ் இல்லன்னு என் மூஞ்சப் பாத்து சொல்ல உங்களுக்கு மனசு வரல. எனக்கு அது புரியாதுங்களா?"

நோட்டீஸ் கிடைத்த இன்னும் மூன்று குடும்பங்கள் சித்தி திரும்பி வருவதற்காகக் காத்திருந்தனவாம். நம்ம தம்பியே அனுப்பிட்டாரு, நமக்கு என்ன கேஸ் இருக்கப் போகுது என்று பேசிக்கொண்டு அவர்களும் காலி செய்திருந்தார்கள்.

கடிதத்தைக் கேட்டு வாங்கினேன். இங்கிலீஷில் ஆறே வரி. நிலத்தின் எல்லை, சித்தியின் பெயர், தொரையின் கையெழுத்து, தோட்டத்து முத்திரை. அதை வாசிக்க எந்த டிப்ளோமாவும் தேவையில்லை. அங்கிருந்தே பெல்மதுளைக்காரருக்குப் போன் எடுத்து வாசித்துக் காட்டினேன். "தம்பி, இதை வைத்துக் கொஞ்ச நாளாவது நிறுத்தியிருக்கலாமே" என்றார் சிங்களத்தில். அந்த அம்மா எதிலாவது கையெழுத்துப் போட்டாரா என்று கேட்டார். போட்டிருந்தார். விருப்பத்தோடு வெளியேறுகிறேன் என்று எழுதிய தாளில் கையெழுத்துப் போட்டு, சாவியையும் ஆபிஸில் கொடுத்திருந்தார். அப்படியானால் இனி ஒன்றும் செய்ய முடியாது என்றார்.

கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம். கடிதத்தை மடித்துச் சித்தியிடமே கொடுத்தேன். சித்திதான் மெதுவாகப் பேச்சை எடுத்தார். கொழும்பில் ஒரு வீட்டில் சமையலுக்கும் கூட்டிப் பெருக்கவும் ஆள் தேடுகிறார்களாம். நல்ல பொம்பளை, கை சுத்தம் என்று யாராவது பெரிய ஆள் எழுதிக் கொடுத்தால் எடுப்பார்களாம்.

"அந்த மாதிரி லெட்டரு..." என்று தயங்கினார். கிண்டல் இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். "அது உங்க படிப்புல வருங்களா தம்பி?"

வரும் என்றேன். அங்கேயே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.