ஒன்றரை நிமிட வெயில்

ஒளிப்பதிவாளர் எய்வோருக்கு அந்தக் கண் எங்கிருந்து வந்தது என்று ஐஸ்லாந்துத் தலைநகர் ரெய்க்யவிக்கில் ஆளுக்கொரு கதை சொல்வார்கள். டென்மார்க்கில் ஓவியம் படித்தாள் என்பான் ஒருவன். பனியைப் பார்த்தே வளர்ந்தவள், அதனால்தான் என்பான் இன்னொருவன். நாங்கள் எல்லோருமே பனியைப் பார்த்துத்தான் வளர்ந்தோம். எத்தனை பேர் காமிராவைத் தூக்கினோம்?

விஷயம் வேறு. பிறந்த ஊரான ஸ்குகாவிக்கில், மீன் ஆலையில் அவள் ஐந்து வருடம் வேலை பார்த்தாள். அங்கே மேசையின் மேற்பலகை வெள்ளைக் கண்ணாடி, அடியில் விளக்கு. காட் மீன் துண்டை அதன்மேல் விரித்தால் சதை ஒளிரும். உள்ளே புழு இருந்தால் கருப்பாகத் தெரியும், கத்தி முனையால் எடுத்துப் போட வேண்டும். மற்றப் பெண்கள் ஊர்வம்பு பேசிக்கொண்டே புழு எடுத்தார்கள். எய்வோரோ, மேசை வெளிச்சம் எதிரே நிற்பவளின் முகவாயில் எப்படி ஏறுகிறது என்று வேடிக்கை பார்த்துத் திட்டு வாங்கினாள்.

சினிமாவுக்கு வந்த பிறகும் அவள் படங்களில் முகத்துக்கு வெளிச்சம் கீழிருந்துதான் வரும். மேசை விரிப்பிலிருந்து, வாசல் பனியிலிருந்து, மடியில் கிடக்கும் செய்தித்தாளிலிருந்து. தலைக்கு மேல் விளக்குக் கட்ட விடவே மாட்டாள். மேகம் விலகவும் காத்திருப்பாள், மேகம் வரவும் காத்திருப்பாள். தயாரிப்பாளர்கள் பல்லைக் கடித்தார்கள். ஐம்பத்தாறு வயதில் அவளைக் கூப்பிட ஒரே ஒரு இயக்குநர்தான் மிச்சம், ஹால்வர்.

அவன் படத்தின் கடைசிக் காட்சியை ஸ்குகாவிக்கிலேயே எடுப்பதென்று எய்வோர் அடம்பிடித்தாள். நவம்பரில் மலைக்குப் பின்னால் போகும் சூரியன் அந்த ஊரில் ஜனவரி இருபத்தைந்தாம் தேதிதான் மறுபடி எட்டிப்பார்க்கும். அன்று வீட்டுக்கு வீடு பான்கேக் சுட்டுக் காப்பி போடுவார்கள். கடலில் கணவனைப் பறிகொடுத்தவளாக நடிக்கும் ஸ்வாலா சமையலறைச் சன்னலில் முதல் வெயிலை வாங்கிக்கொண்டு மேசைவரை நடந்து வரவேண்டும். வெயில் அங்கே தங்குவது ஒன்றரை நிமிடம்.

"ஸ்டூடியோவுல விளக்க வச்சு எடுத்துக்கலாம், எய்வோர். யாருக்குத் தெரியப்போவுது?" என்றான் ஹால்வர்.

"எனக்குத் தெரியும்."

"உனக்காகவா நான் படம் எடுக்குறேன்? சொதப்பிடுச்சுன்னா?"

"சொதப்புனா நான் காமிராவத் தொடவே மாட்டேன். மீன் ஆலைக்கே போறேன்."

"அந்த ஆலைய மூடி ரெண்டு வருசம் ஆச்சு."

"அப்ப பட்டினி கெடக்குறேன், போ!"

வாயைக் கொடுத்தாயிற்று. காமிரா இல்லாத எய்வோரை அவளாலேயே நினைத்துப் பார்க்க முடியாது.

அந்த இருபத்தைந்தாம் தேதி வானம் துடைத்துவிட்டது போலிருந்தது. ஊரே வாசலுக்கு வந்துவிட்டது. நடிகை நகர நகரக் காமிராவின் குவியத்தைத் திருப்பும் வேலையை எய்வோர் எவரிடமும் விட்டதில்லை, அன்றும் விடவில்லை. மலை விளிம்பைத் தாண்டி வந்த வெயில் ஸ்வாலாவின் கழுத்தைத் தொட்டது. அடுத்து, காமிராவுக்குப் பின்னால் நின்ற எய்வோரின் கன்னத்தைத் தொட்டது.

எய்வோர் கண்ணை மூடிக்கொண்டாள்.

அந்த ஊரில் பிறந்தவர்கள் அதை வேண்டுமென்று செய்வதில்லை. இரண்டு மாதம் கழித்து முகத்தில் வெயில் பட்டால் இமை தானாக இறங்கிவிடும். வாசலில் நின்ற அத்தனை பேரும் அப்படித்தான் நின்றார்கள். அவர்கள் கையில் காமிரா இல்லை, அவ்வளவுதான் வித்தியாசம். அவள் கண் திறந்தபோது ஸ்வாலா மேசைக்கு வந்திருந்தாள், குவியம் சன்னலிலேயே நின்றிருந்தது, வெயில் போயிருந்தது.

"எடுத்தாச்சா?" என்றான் ஹால்வர்.

"கண்ண மூடிட்டேன்."

"அடிப்பாவி! வருசம் பூரா நேரம் இருந்துச்சே, அப்பல்லாம் மூடியிருக்கலாமே!"

மறுநாள் தொடங்கிய பனிப்புயலில் பத்து நாள் மலையே தெரியவில்லை. ஸ்வாலாவும் நாடக ஒத்திகைக்குப் போய்விட்டாள். பிறகு ஸ்டூடியோவில் ஹால்வர் விளக்கு வைத்து எடுத்துப் பார்த்தான், காட்சி செத்துக் கிடந்தது. வேறு வழியில்லாமல் மங்கலானதையே படத்தில் வைத்தான். துணிச்சல் என்று எழுதியது ஒரு பத்திரிகை. ஒளிப்பதிவாளர் மூக்குக்கண்ணாடி வாங்கட்டும் என்றது இன்னொன்று. எய்வோர் சொன்ன சொல்லைக் காப்பாற்றினாள். காமிராவைப் பெட்டியில் வைத்துப் பூட்டினாள், ஹால்வர் போன் செய்தாலும் எடுக்கவில்லை. வெட்கம் அவளைத் தின்றுகொண்டிருந்தது.

ஸ்குகாவிக் சமூகக் கூடத்தில் படம் போட்டபோது ஊர்க்காரர்கள் விடவில்லை, போக வேண்டியதாயிற்று. கடைசிக் காட்சி வந்ததும் திரையைப் பார்க்கப் பொறுக்காமல் எய்வோர் கூட்டத்தின் பக்கம் திரும்பிக்கொண்டாள். திரையில் வெயில் வந்தது. முன்வரிசையில் ஒருத்தி முகத்தை நிமிர்த்திக் கண்ணை மூடினாள். பக்கத்தில் அவள் புருசன். பின்னால் துறைமுகத்து ஆட்கள். பிறகு கூடம் முழுக்க.

பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஹால்வர் அவள் காதருகே குனிந்தான். "என்ன ஊருடி இது? ஒருத்தனும் பாக்கலையே!"

 எய்வோர் அந்த முகங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அடுத்த படம் எப்ப ஆரம்பிக்கிற?" என்றாள்.