ஜாமீனில் வந்த காளை

எனக்கு அன்று சாயங்காலமே ஜாமீன் கிடைத்துவிட்டது. என் வண்டிக்கும் காளைகளுக்கும் கிடைக்கவில்லை. எங்களில் யார் உபயோகமானவர் என்று சர்க்காருக்குத் தெரிந்திருக்கிறது என்றான் என் மைத்துனன்.

பணகுடியிலிருந்து வைக்கோல் ஏற்றிவர ஒருவன் வாடகை பேசியிருந்தான். சமஸ்தான எல்லையில், ஆரல்வாய்மொழிச் சுங்கச் சௌக்கையில் வைக்கோலுக்குள் கம்பியை விட்டுக் குத்தினார்கள். தீர்வை கட்டாத புகையிலைச் சிப்பங்கள் தட்டுப்பட்டன. வாடகைக்காரன் மலையைப் பார்த்து ஓடிவிட்டான். நானும் ஓடியிருப்பேன், என் தொந்தி சம்மதிக்கவில்லை. வண்டியும் மாடுகளும் தொண்டியாகிவிட்டன. அதாவது, வழக்கு முடியும்வரை போலீஸ் ஸ்டேஷன் முற்றத்தில் கிடக்க வேண்டிய சாட்சிப் பொருள்.

வீட்டுக்குள் நுழைந்த என்னைத் தாண்டி என் மனைவி வாசலை எட்டிப் பார்த்தாள்.

"வலத்தான் எங்க?"

நுகத்தில் வலப்பக்கம் பூட்டுகிற காளை வலத்தான், மற்றது இடத்தான்.

"பிடிச்சு வச்சிருக்காவ."

"ஒங்கள விட்டுட்டு அவனப் பிடிச்சு வச்சிருக்காவளா?"

"என்னைய வச்சிருந்தா சோத்துக்கு ஆரு செலவு செய்யது பிள்ளே?"

அவள் சிரிக்கவில்லை. எங்களுக்குப் பிறந்த ஒரே பிள்ளை பால் மறக்குமுன் இறந்துபோன அதே வருஷம், தாய்ப்பசு செத்து நின்ற கன்று அது. கஞ்சித்தண்ணீர் ஊட்டி வளர்த்தவள் அவள்.

தினமும் வைக்கோற்கட்டைச் சுமந்துகொண்டு ஸ்டேஷனுக்குப் போனேன். ஒருநாள் முற்றம் காலியாக இருந்தது. ஏட்டு வீடு மாறுகிறாராம்; கட்டிலும் அண்டாவும் ஏற்ற என் வண்டி போயிருந்தது. வண்டி திரும்பி வந்தபோது பார்த்தேன். பூட்டிய போலீஸ்காரன் வலத்தானை இடப்பக்கம் பூட்டியிருந்தான். பழகாத பக்கத்தில் மாடு வெளியே இழுக்கும். நுகம் கழுத்தை அறுக்கும். தோல் உரிந்து ரத்தம் வழிந்தது.

"காள காளயல்லேடோ? இடமோ வலமோ, எந்தா வித்தியாசம்?" என்றார் மலையாளத்து ஏட்டு.

"ஒங்க செருப்பையும் மாத்திப் போட்டு நடந்து பாருங்க எஜமானே" என்றேன். வாய்க்குள்ளேதான்.

வண்டியையும் மாடுகளையும் விடுவிக்க வக்கீல் மனுப் போட்டார். ஜாமீனுக்குச் சொந்த நிலமுள்ள ஆள் வேண்டும். மைத்துனன் தன் நிலத்துக்குக் கரம் தீர்த்த வரி ரசீதோடு வந்தான். நீதிபதி லீவில் போனார். பிறகு மழை பிடித்தது. புண்ணில் புழு வைத்தது. மஞ்சளும் வேப்பெண்ணெயும் குழைத்துக் கொடுத்து விடுவாள் மனைவி. நான் கொண்டுபோய்ப் பூசுவேன்.

ஞாயிற்றுக்கிழமை சபையில் வலத்தானுக்காக ஜெபிக்கச் சொல்லி உபதேசியாரிடம் கேட்டாள்.

"மாட்டுக்கு எப்பிடிம்மா சபையில ஜெபிக்கது?" என்று தயங்கினார். ஆனாலும் மனசு கேட்காமல், "காவலில் இருக்கிறவர்களை இரட்சியும் ஆண்டவரே" என்று ஜெபித்தார். கண்ணை மூடியிருக்க வேண்டிய சபை மொத்தமும் திரும்பி என்னைப் பார்த்தது.

கடைசியில் உத்தரவு வந்தது. கூப்பிடும்போதெல்லாம் வண்டியையும் இரண்டு காளைகளையும் கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்த வேண்டும் என்பது நிபந்தனை. வலத்தானைப் பூட்டும் நிலை இல்லை. அவனை வண்டிக்குப் பின்னால் கட்டிவிட்டு, நுகத்தின் வலமுனையை நான் தோளில் ஏற்றிக்கொண்டேன். இடத்தான் என்னை ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு, தலைவிதி என்று நடந்தான்.

தோவாளை விலக்கில் நின்ற ஒருவன், "ஏலே மக்கா, புது மாடு எங்க பிடிச்ச?" என்றான்.

"ஸ்டேஷன்ல. பல்லு பாக்கியா?" என்றேன்.

ஊர் சிரித்தது. பின்னால் வலத்தானின் அடி தளர்வது கயிறு வண்டியைப் பின்னிழுக்க, என் தோளில் தெரிந்துகொண்டே வந்தது.

வீடு வந்து சேர்ந்தான். அவள் கையால் கஞ்சித்தண்ணீரும் குடித்தான். அந்த வாரம் முடியுமுன் ஒரு விடியலில் படுத்தவன் எழவில்லை.

புதைக்கவும் முடியாது, தொண்டியாயிற்றே. போலீஸ் வந்து பார்த்து மகசர் எழுத வேண்டும். ஏட்டு வந்து சேர்வதற்குள் வெயில் சாய்ந்துவிட்டது. அதுவரை என் மனைவி பச்சிலைக் கொத்தால் ஈ ஓட்டிக்கொண்டே இருந்தாள். அடையாளம் கேட்டார், அவளே சொன்னாள். நெற்றிச் சுழி, காதோரத் தழும்பு, வால் நுனி. எழுதி முடித்துவிட்டு ஏட்டு என் முகத்தைப் பாராமல், "கோர்ட்டில் காணிக்கான் ஒரு கொம்பு வேணம்" என்றார்; செத்தது இந்த மாடுதான் என்று காட்டவாம். முதல் தடவையாக அவர் குரல் தாழ்ந்திருந்தது.

மைத்துனன் ரம்பத்தால் அறுத்தான். அவள் வலத்தானின் தலையை மடியில் வைத்துப் பிடித்துக்கொண்டாள்.

"கேஸ் முடிஞ்சா இதத் தந்துருவாவளா?" என்று கேட்டாள்.

எல்லாவற்றுக்கும் ஒரு குசும்பு வைத்திருக்கிறவன் நான். அன்று கொம்பைத் துணியில் சுற்றி ஏட்டிடம் கொடுத்தேன்.

"வாங்கித் தாரேன் பிள்ளே" என்றேன்.

வழக்கு சாட்சியில்லாமல் தள்ளுபடியானது. கொம்பைத் திருப்பிக் கேட்டு மனு கொண்டுபோனேன். கோர்ட்டுக் குமாஸ்தா படித்துவிட்டு வயிறு குலுங்கச் சிரித்தார். சிரிப்பை வரவழைத்துக்கொண்டு நானும் சிரித்தேன். தொண்டி அறையில் தேடிப் பார்த்தார்கள். இல்லை.

அவள் வீட்டு வாசலிலேயே நின்றிருந்தாள். நான் கையை விரித்துக் காட்டினேன்.