தம்பி வேண்டாமென்ற சிவப்பு

நான் பட்டு நூலுக்குச் சாயம் போடுகிறவன். முழங்கை வரை சிவந்துதான் இருக்கும். சோறு தின்கிற கையும் அதுதான்.

தம்பி படித்தவன். சென்னையில் மருந்து ஆராய்ச்சி வேலை. மருந்தைத் தொடுவதில்லை, எல்லாம் கம்ப்யூட்டர்தான். ஒருமுறை லீவில் வந்தபோது காட்டினான். திரையில் சிக்கு விழுந்த நூல் மாதிரி ஒன்று சுற்றியது.

"இது உடம்புல இருக்கிற புரதம்ணா. இதுல ஒரு பள்ளம் இருக்குது பாரு. எந்த மருந்து அதுல போய் உக்காரும், எவ்ளோ கெட்டியா புடிக்கும்னு முன்னாடியே கணக்கு போடும்."

"சாயம் நூலைக் கெட்டியா புடிக்குதான்னு பாக்கத்தான் நானும் தொட்டிகிட்ட வெந்துக்கினு இருக்கேன்," என்றேன்.

"பட்டும் புரதம்தாண்ணா. உன் சிவப்பையே போட்டுப் பாக்குறேன் இரு," என்று சிரித்தான். சாய டப்பாவைப் போனில் படம் எடுத்துக்கொண்டு போனான். பிறகு அந்தப் பேச்சே இல்லை.

அடுத்து அவன் கல்யாணம் வந்தது. முகூர்த்தப் புடவைக்கு நானே சிவப்பு முக்குவதாக இருந்தேன். "அவளுக்குப் புடிக்காதுண்ணா," என்றான். பச்சையாக்கினோம்.

சில மாதமாக எனக்கு நீர்க்கடுப்பு. அவனிடம் சொன்னேன். தண்ணி நிறைய குடிண்ணா என்றான். குடித்தேன்.

பொங்கலுக்கு வந்தார்கள். காபி கொடுக்க வந்த அவன் மனைவி, கொடியில் காய்ந்த நூலைப் பார்த்தாள்.

"இந்தக் கலர்னா எனக்கு உசுரு மாமா. இவருதான் கூடாதுன்னுட்டாரு. அந்தச் சாயம் உடம்புல போய் புடிச்சிக்குமாம், கம்ப்யூட்டர்ல பாத்தாராம். நீங்க தினம் கைவிட்டு முக்குறீங்க, ஒண்ணும் ஆவலியேன்னா பேச்ச மாத்துறாரு."

தம்பி தலை நிமிரவில்லை.

"எங்க புடிக்குமாம்?"

"மூத்திரப்பையிலண்ணா. ஆனா அது வெறும் கணக்கு. பல தடவ தப்பாவும் போவும். உன்ன எதுக்குப் பயமுறுத்தணும்னு..."

"புடவை கட்டுறவளுக்கு மட்டும் கணக்கு சரியா போச்சா?"

அவள் டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

மறுநாள் செவிலிமேட்டில் ஒரு டாக்டரைப் பார்த்தேன். குழாய் விட்டு, சதை எடுத்துச் சோதனைக்கு அனுப்பியிருக்கிறார்கள். முடிவு வரவில்லை. கையுறை வாங்கிப் போட்டுக்கொண்டு வேலை செய்கிறேன். அதைப் போட்டால் நூலின் சூடு தெரிவதில்லை.

தம்பி போன் செய்தான். "டாக்டர் என்னண்ணா சொன்னாரு?"

"கணக்கு போட்டுப் பாத்துக்கோப்பா," என்று சொல்லி வைத்துவிட்டேன்.