மாற்றுப் பரிகாரம் உண்டாம்

அவரைத் தெருவில் எல்லோரும் ‘மடிப்பு’ என்றுதான் கூப்பிட்டார்கள். சட்டைக் கையில் அவர் வைத்த மடிப்பு லேசில் கலையாது. போன மாதம் அவர் இறந்தபோது மனைவிகூட அந்தப் பெயரைச் சொல்லித்தான் அழுதார்.

அவருடைய சலவைக்கடையில் நீராவி இஸ்திரிப் பெட்டி இருந்தது. நீராவி வந்தால் அது தொழிற்சாலை என்று உரிம அதிகாரி கண்டுபிடித்தார். வெந்நீர் வைக்கிற ஒவ்வொரு வீட்டையும் ஏன் விட்டுவைத்தார் என்று தெரியவில்லை. மின்சாரத்தைத் துண்டித்து, கடைப் பூட்டின் மேல் அரக்கு முத்திரை வைத்துவிட்டுப் போனார்.

“பூட்டு என்னது, சாவி என்கிட்ட, திறக்கிற உரிமை மட்டும் அந்த ஆள்கிட்ட,” என்றார் மடிப்பு.

பாதித் தெருவின் துணி உள்ளே மாட்டிக்கொண்டது. “அண்ணே, நாளைக்கு இன்டர்வியூ, என் பேன்ட்டு?” என்று வாசலில் தினம் ஓர் ஆள். கடை போனால் போகட்டும். நம்பிக் கொடுத்த துணியைத் திருப்பிக் கொடுக்க முடியாததுதான் அவரை அரித்தது.

மடிப்பின் வக்கீல் உயர் நீதிமன்றத்துக்குப் போனார். நீதிபதி கோப்பைத் திறந்த சத்தமும் மூடிய சத்தமும் ஒன்றாகக் கேட்டன. துறையிலேயே மேல்முறையீட்டு அதிகாரி இருக்கும்போது இங்கே எதற்கு வந்தீர்கள், மாற்றுப் பரிகாரம் உண்டு, தள்ளுபடி. அதை எதிர்த்து இரண்டு நீதிபதிகளிடம் போனார்கள். அதையே அவர்கள் இரண்டு பேராகச் சொன்னார்கள்.

“என்னங்க சொன்னாங்க?” என்றார் மனைவி.

“பூட்டினது சரியா தப்பான்னு சொல்லல. கதவு மாத்தித் தட்டிட்டேனாம்.”

சரியான கதவைத் தேடிப் போனார். மேல்முறையீட்டு அதிகாரி பதவி காலி. கூடுதல் பொறுப்பு, பூட்டியவருக்கே. அதே அறை, அதே நாற்காலி. அந்த மனிதர் மேசைமேல் இருந்த பெயர்ப்பலகையைத் திருப்பி வைத்தார். பின்பக்கம் ‘மேல்முறையீட்டு அதிகாரி’ என்று இருந்தது. குரலையாவது மாற்றியிருக்கலாம். “பரிசீலிக்கிறேன்,” என்றார், முன்பின் பார்த்திராதவர் போல.

வாரங்கள் போயின. ஒரு காலை அதே அதிகாரி மடிப்பின் வீட்டு வாசலில் நின்றார். மறுநாள் சிறந்த அதிகாரி விருது வாங்கப் போகிறாராம். அவருடைய மனைவி சலவைக்குக் கொடுத்திருந்த கோட்டு அந்தக் கடைக்குள் இருந்தது. எதைப் பூட்டுகிறோம் என்று பார்க்கிற பழக்கம் அவருக்கு இல்லை.

“சாவியைக் குடுங்க. அஞ்சு நிமிஷ வேலை.”

“ஐயோ சார், அரக்கைத் தொட்டா குத்தமாச்சே. அப்பீல் போடுங்க. விசாரிக்கிறவர் ரொம்ப நல்லவர்னு கேள்வி.”

“அவசரம்னா கோர்ட்டுக்குப் போகச் சொல்லுங்க!” என்று உள்ளேயிருந்து மடிப்பின் மனைவியின் குரல் வந்தது.

அதிகாரிக்கு முகம் கறுத்தது. “உங்களுக்கு என்னதான் வேணும்?”

“எல்லார் துணியும் வெளிய வரணும். எழுத்துல குடுங்க.”

வாசல் சுவரில் காகிதத்தை வைத்து, மேல்முறையீட்டு அதிகாரியாக மாறி, அரை நாள் கடையைத் திறக்க இடைக்கால உத்தரவு எழுதினார். மூன்று நீதிபதிகளுக்கு வராத கருணை ஒரு கோட்டுக்காக வந்தது.

தெருவே வந்து வரிசையில் நின்றது. முன்னால் நுழையப் பார்த்த அதிகாரியை மடிப்பு கடைசிக்கு அனுப்பினார். முறை வந்தபோது கோட்டு கசங்கிக் கிடந்தது.

“இஸ்திரி போடலையா?”

“கரண்ட்டைப் பிடுங்கினது நீங்கதானே சார்.”

மாலையில் மறுபடி அரக்கு வைத்தார்கள். உள்ளே ஒரு கைக்குட்டைகூட இல்லை. நான்கு வெற்றுச் சுவர்களைச் சிறைவைத்த திருப்தியோடு அலுவலகம் வீட்டுக்குப் போயிற்று. மடிப்பு அன்றிரவு நன்றாகத் தூங்கினார்.